கூட்டத்தின் பக்கம் திரும்பிய கேமரா

பட்டமளிப்பு விழாவைப் பிடித்த பழைய ஊமைப்படச் சுருள்களுக்கு என்ன மதிப்பு? பட்டம் வாங்கியவர் யார், வழங்கியவர் யார் என்பதைப் பதிவேடே சொல்லிவிடும். உரை என்னவென்று சுருளிலிருந்து கேட்கவும் முடியாது. மேடையைப் பொறுத்தவரை ஊமைப்படம் பலவீனமான சாட்சிதான்.

பலம் வேறிடத்தில் இருக்கிறது. 1901இல் பர்மிங்காம் பல்கலைக்கழகத்தின் பட்டமளிப்பு ஊர்வலத்தை மிட்செல்–கென்யன் நிறுவனத்தார் எடுத்தார்கள். இவர்களுடைய படங்களை ஊர் ஊராகத் திரையிட்டவர்களுக்கு ஒரு கணக்கு இருந்தது: தங்கள் முகத்தைத் திரையில் பார்க்க ஜனங்கள் காசு கொடுப்பார்கள். ஆகவே எத்தனை முகங்கள் விழுகின்றனவோ அத்தனை வசூல். அந்த வியாபாரப் புத்திதான், எந்தப் பதிவேட்டிலும் ஏறாத மனிதர்களை நமக்குக் காப்பாற்றித் தந்திருக்கிறது. மிட்செல்–கென்யன் சுருள்கள் 800க்கு மேல் 1994இல் இங்கிலாந்தின் பிளாக்பர்னில் ஒரு கடையின் நிலவறையில் கிடைத்தன. இத்தகைய சுருள்களை இன்றைய வேகத்தில் ஓட்டினால் அங்கி போட்ட பேராசிரியர்கள் குடுகுடுவென்று ஓடுவார்கள். வேகத்தைச் சரிசெய்யாமல் காட்டுவது அவர்களுக்கு இழைக்கும் அநீதி.

அதே 1901இல், கேம்பிரிட்ஜ் கணிதத் தேர்வில் முதலிடம் பெற்ற ஆர்.பி. பராஞ்ச்பே பம்பாய் திரும்பியதை, சாவே தாதா எனப்படும் பட்வடேகர் படமெடுத்தார். இந்தியாவின் முதல் செய்திப்படம் என்று இதைக் கொண்டாடுகிறோம். படம் இன்று இல்லை. முன்னோடி என்ற மரியாதை பட்வடேகருக்கு உரியது. ஆனால் பார்க்காத படத்தைப் புகழ்வது திறனாய்வு ஆகாது.

தாம்பரத்துக்கு வருவோம். சென்னை கிறிஸ்தவக் கல்லூரி ஜார்ஜ் டவுனை விட்டு இங்கே வந்தது 1937இல். தமிழ்ப் பேசும்படம் வந்து ஆறு ஆண்டுகள் ஆகியிருந்தன. ஆனால் வீடுகளில் இருந்த 8, 16 மி.மீ. கேமராக்களில் பெரும்பாலானவை அதன் பிறகும் பல பத்தாண்டுகள் ஊமையாகவே இருந்தன. மேடையருகே போக முடியாத அப்படியொரு கேமராவில் விழக்கூடியது, மரத்தடியில் காத்திருக்கும் அம்மா, அங்கியை இழுத்துப் பார்க்கும் தம்பி. வரலாற்றுக்கு வேண்டியதும் அதுதான். துணைவேந்தரை அருகிலிருந்து எடுத்த அரைமணி நேரச் சுருளைவிட, இப்படிப்பட்ட இரண்டு நிமிடத்தை நான் மேலாக வைப்பேன்.

சேலையூரிலோ குரோம்பேட்டையிலோ உங்கள் வீட்டுப் பரணில் பழைய ஃபிலிம் டப்பா இருந்தால் திறந்து முகர்ந்து பாருங்கள். புளித்த காடி வாடை அடித்தால் சுருள் அழியத் தொடங்கிவிட்டது. பழைய புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்காதீர்கள். முதலில் ஸ்கேன் செய்யக் கொடுங்கள். படத்தில் இருப்பவர்களின் பெயர்களை, சொல்லத் தெரிந்த பெரியவர்கள் இருக்கும்போதே எழுதி வையுங்கள்.