கொட்டிய தண்ணீர்

கனெட்டோ ஷிண்டோவின் ‘நிர்வாணத் தீவு’ (1960) படத்தை மௌனத்தின் காவியம் என்கிறார்கள். எனக்கு அது உறுத்துகிறது. யாருடைய மௌனம்?

செட்டோ உள்நாட்டுக் கடலில் தண்ணீரில்லாத ஒரு சின்னத் தீவு. கணவனும் மனைவியும் பக்கத்துத் தீவிலிருந்து படகில் தண்ணீர் கொண்டுவந்து, காவடிபோல் தோளில் சுமந்து மேடேறிச் செடிக்கு ஊற்றுகிறார்கள். ஒருநாள் அவள் கால் இடறி ஒரு வாளி கொட்டிவிடுகிறது. அவன் ஓங்கி அறைகிறான். ‘இயற்கையோடு மனிதன் நடத்தும் போராட்டம்’ என்று எழுதியவர்கள் இந்த அறையைத் தாண்டிப் போய்விட்டார்கள். தண்ணிப் பஞ்சமும் கடைசியில பொம்பள தலையிலதானே விடியுது!

பிறகு மூத்த மகன் நோயில் சாகிறான். வைத்தியர் கடல் தாண்டி வருவதற்குள் எல்லாம் முடிந்துவிடுகிறது. அடக்கத்துக்குப் பின் ஒருநாள், அவள் வேண்டுமென்றே வாளியைக் கவிழ்க்கிறாள். செடிகளைப் பிடுங்கி எறிந்து, மண்ணில் விழுந்து கதறுகிறாள். இந்தமுறை அவன் கை ஓங்கவில்லை; பார்த்துக்கொண்டு நிற்கிறான். வசனமே இல்லாத படத்தில் அவள் பேசிய பேச்சு அதுதான்.

அப்புறம் அவளும் எழுந்து தண்ணீர் ஊற்றுகிறாள். ‘கலகம் எங்கே?’ என்று தோழர்கள் கேட்கலாம். நானும் கேட்டவன்தான். போர் முடிந்து 15 ஆண்டுகள். குடும்பம் பட்டணத்துக்குப் போய்க் கடையில் ஓடும் தொலைக்காட்சியை வேடிக்கை பார்க்கிற காட்சி படத்தில் உண்டு. அதே 1960 டிசம்பரில்தான் ஜப்பானிய அரசு தேசிய வருமானத்தை இரட்டிப்பாக்கும் திட்டத்தை ஏற்றது. அந்தக் கணக்குக்குள் வராத உழைப்பு இவளுடையது. இதைப் ‘பொறுமை’ என்று புகழ்வது அறைந்த கைக்கு ஒத்து ஊதுவதாகும். இந்தப் படத்தைக் கவிழ்ந்த வாளியிலிருந்துதான் வாசிக்கணும்.