மார்ஷலின் மொகஞ்சதாரோ அறிக்கையும் காலவரிசைச் சிக்கலும்

1921இல் அரப்பாவில் தயாராம் சகானியும் 1922இல் மொகஞ்சதாரோவில் இராக்கல்தாசு பானர்ஜியும் தொடங்கிய அகழாய்வுகளின் விளைவை 1924 செப்டம்பரில் உலகிற்கு அறிவித்தவர் சர் ஜான் மார்ஷல். 1931இல் மூன்று தொகுதிகளாக வெளிவந்த அவரது மொகஞ்சதாரோ அறிக்கை, வேதகாலத்திற்கு முற்பட்ட நகர நாகரிகத்தை ஐயமின்றி நிறுவியது. அம்மக்களின் மொழி திராவிடமாகலாம் என அவர் கருதியமையால் தமிழறிஞரும் அந்நூலைப் பெரிதும் போற்றினர்.

எனினும், அந்நூலின் முறையியல் குறைபாடு உரிய கவனம் பெறவில்லை. பொருள்கள் ஒரு பொதுமட்டத்திலிருந்து எவ்வளவு ஆழத்தில் கிடைத்தன என்பதே முதன்மையாகப் பதிவாயிற்று. எம்மண்ணடுக்கைச் சார்ந்தன என்பது முறையாகப் பதிவாகவில்லை. மேடுபள்ளமான நகரில் ஒரே ஆழத்தில் கிடைத்தவை யாவும் ஒரே காலத்தன ஆகா. பின்னாளில் மார்டிமர் வீலர் இம்முறையைக் கடுமையாகச் சாடினார்.

ஆகவே, ஆழக் கணக்கை மட்டும் கொண்டு முத்திரைக் குறிகளின் வளர்ச்சியை வரிசைப்படுத்துதல் பொருந்தாது. இதனால் திராவிடக் கருதுகோள் வீழ்ந்துவிடுவதில்லை; அதற்குத் துணையாகக் காட்டப்பெறும் காலவரிசைச் சான்றே வலுவிழக்கிறது. முத்திரையைப் படிக்கும் முன் அது கிடைத்த சூழலை வினவுவதே ஆய்வறமாகும்.