மடல் விரியும் படம்

1910-இல் பெர்சி ஸ்மித் எடுத்த ‘தி பர்த் ஆஃப் எ ஃப்ளவர்’ சில நிமிடங்களே ஓடும் மௌனப் படம். லில்லி, அனிமோன், ரோஜா என்று மொட்டுகள் நம் கண்ணெதிரே அவிழ்கின்றன. இடைவெளி விட்டு ஒவ்வொரு ஃப்ரேமாக எடுத்து, பிறகு தொடர்ந்து ஓட்டினால் நாள்கணக்கு நொடிக்கணக்காகிவிடும். உத்தி அவ்வளவுதான். ஆனால் இதழ்கள் தயங்கி, நடுங்கி, பின்னால் மடிவதைப் பார்த்தபின் எந்தச் செடியும் சும்மா நிற்பதாகத் தோன்றுவதில்லை.

தொட்டியத்து வாழைத் தோட்டங்களில் அந்தப் படம்தான் எனக்கு நினைவுக்கு வரும். வாழைப்பூவின் கருஞ்சிவப்பு மடல் ஒன்று மெல்ல மேலெழும்பிச் சுருள, அதனடியில் நுனியில் பூவோடு பிஞ்சுச் சீப்பு. அடுத்த மடல், அடுத்த சீப்பு. காவிரிக்கரையில் ஒரு தாருக்கு எதிரே கேமராவை அசையாமல் நிறுத்தி, அத்தனை மடல்களையும் ஒருவர் படமாக்க வேண்டும்.