இம்ரான் கானின் நாக்கு எங்கே விக்கெட் எடுத்தது?

2022 மார்ச் 31. நம்பிக்கையில்லாத் தீர்மானம் நாடாளுமன்றத்துக்கு வந்துவிட்டது. கூட்டணிக் கட்சிகள் கழன்றுகொண்டன. சொந்தக் கட்சி எம்.பி.க்கள் சிலரே எதிர்ப்பக்கம் போய் உட்கார்ந்திருந்தார்கள். தொலைக்காட்சியில் நாட்டு மக்களிடம் பேசிய பாகிஸ்தான் பிரதமர் இம்ரான் கான், ராஜினாமா செய்யமாட்டேன், கடைசிப் பந்துவரை ஆடுவேன் என்றார். எல்லைக்கு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் அதற்கு விளக்கவுரை தேவைப்படவில்லை. துணைக்கண்டத்தில் கிரிக்கெட்டில் பேசினால் கடைக்கோடிவரை கேட்கும்.

88 டெஸ்ட், 362 விக்கெட், 3,807 ரன். ஆட்டக்காரர் இம்ரானின் கணக்கு முடிந்துவிட்டது, அதில் தகராறு இல்லை. பேச்சாளர் இம்ரானின் கணக்கை இதுவரை யாரும் ஒழுங்காகப் போடவில்லை. ஆதரவாளர்கள் சிக்ஸர்களை மட்டும் எண்ணுகிறார்கள், எதிரிகள் வைடுகளை மட்டும். இரண்டையும் ஒரே தாளில் எழுதிப் பார்த்தால் ஒரு பாங்கு தெரிகிறது. அடிவாங்கிக்கொண்டிருக்கும்போது அவர் சொல்லுக்கு வேகம் கூடுகிறது. ஆட்டம் கையில் இருக்கும்போது அதே சொல் அவர் பக்கமே திரும்பிவிடுகிறது.

புலியும் மழையும்

1992 உலகக் கோப்பையில் பாகிஸ்தானின் தொடக்கம் படுமோசம். வெஸ்ட் இண்டீஸிடம் 10 விக்கெட் தோல்வி. அடிலெய்டில் இங்கிலாந்துக்கு எதிராக 74 ரன்னுக்குச் சுருண்டது. பிறகு இந்தியாவிடமும் தென்னாப்பிரிக்காவிடமும் தோல்வி. வக்கார் யூனிஸ் காயத்தால் ஆடவே இல்லை. 39 வயது கேப்டன் இம்ரானுக்குத் தோள்பட்டை ஒத்துழைக்கவில்லை. பெர்த்தில் ஆஸ்திரேலியாவுக்கு எதிரான டாஸுக்கு, புலிப் படம் போட்ட டி-ஷர்ட்டில் வந்தார். மூலையில் மடக்கப்பட்ட புலியைப் போல என் அணி ஆடவேண்டும் என்றார். அதன்பின் பாகிஸ்தான் ஓர் ஆட்டத்திலும் தோற்கவில்லை.

இந்தக் கதையில் வழக்கமாக விட்டுவிடும் பகுதி ஒன்று உண்டு. அடிலெய்டில் இங்கிலாந்து ஒரு விக்கெட்டுக்கு 24 எடுத்திருந்தபோது மழை வந்து ஆட்டத்தைக் கழுவிவிட்டது. பாகிஸ்தானுக்கு ஒரு புள்ளி கிடைத்தது. லீக் முடிவில் பாகிஸ்தானுக்கு 9 புள்ளி. 8 புள்ளி எடுத்த ஆஸ்திரேலியாவும் வெஸ்ட் இண்டீஸும் வெளியேறின. வெஸ்ட் இண்டீஸ் தன் கடைசி ஆட்டத்தில் ஆஸ்திரேலியாவிடம் தோற்றிருக்காவிட்டால் புலிக்கதையைச் சொல்ல ஆளே இருந்திருக்காது.

அப்படியானால் பேச்சுக்குப் பங்கே இல்லையா? உண்டு. ஆனால் மைக் முன்னால் பேசியதைவிட மைதானத்துக்குள் சொன்னதற்குத்தான் பங்கு அதிகம். நோபால், வைடு பற்றிக் கவலைப்படாதே, வேகமாகப் போடு என்று வாசிம் அக்ரமிடம் சொன்னார் இம்ரான். அந்த ஒரு சொல் ஒரு பந்துவீச்சாளரின் பயத்தை எடுத்துவிட்டது. 18 விக்கெட்டுடன் தொடரின் முதலிடம் வாசிமுக்கு. மெல்போர்ன் இறுதியாட்டத்தில் இங்கிலாந்தின் ஆலன் லேம்பையும் கிறிஸ் லூயிஸையும் அடுத்தடுத்த பந்துகளில் அவர் வீழ்த்தியதை இன்றும் போட்டுப் பார்க்கிறார்கள். புலியைப் பற்றிப் பேசிய கேப்டன் அதே ஆட்டத்தில் மூன்றாவதாக இறங்கி 110 பந்துகளில் 72 அடித்தார். சொன்னவரே செய்தும் காட்டினார். 22 ரன் வித்தியாசத்தில் கோப்பை வந்தது.

கோப்பையைக் கையில் வாங்கியதும் அவர் பேசியது வேறு கதை. புற்றுநோயில் இறந்த தாயின் நினைவாகக் கட்டும் மருத்துவமனை தன் பெரும் லட்சியம், இந்த வெற்றி அதற்கு உதவும் என்றார். தன் ஆட்டவாழ்வின் அந்திப்பொழுதில் கோப்பை கிடைத்த பெருமையைச் சொன்னார். கூட ஆடிய பத்துப் பேரைப் பற்றிப் பேச்சில் எதுவும் இல்லை. மருத்துவமனை 1994-இல் லாகூரில் திறக்கப்பட்டது, இன்றும் இயங்குகிறது. அந்தப் பேச்சு அணிக்குள் ஏற்படுத்திய மனக்கசப்பும் நெடுநாள் பேசப்பட்டது. "நாங்கள்" வரவேண்டிய இடத்தில் "நான்" வருவது பிற்கால இம்ரானின் அடையாளம். அதன் முதல் பந்து மெல்போர்னிலேயே வீசப்பட்டுவிட்டது.

எதிர்க்கட்சி மேடை

1996-இல் தெஹ்ரிக்-இ-இன்சாஃப் கட்சியைத் தொடங்கினார். பதினைந்து ஆண்டுகள் யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. 2011 அக்டோபர் 30 அன்று லாகூர் மினார்-இ-பாகிஸ்தானில் கூடிய கூட்டம்தான் அவரை நிஜமான போட்டியாளராக்கியது. வரப்போவது சுனாமி என்றார். இளைஞர்கள் அந்தச் சொல்லைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்கள்.

2014-இல் இஸ்லாமாபாத்தில் கண்டெய்னர் மீது நின்றபடி 126 நாள் தர்ணா நடத்தினார். 2013 தேர்தலில் மோசடி என்பது குற்றச்சாட்டு. "35 பங்க்சர்" என்று, மோசடி நடந்ததாக ஒரு தொகுதிக் கணக்கைச் சொன்னார், நாடெங்கும் அது பரவியது. மறு ஆண்டு அவரே அதை வெறும் அரசியல் பேச்சு என்று கழற்றிவிட்டார். திட்டமிட்ட மோசடிக்கு ஆதாரம் இல்லை என்று நீதி ஆணையமும் சொல்லிவிட்டது. அப்பீல் கேட்பதில் அவருக்கு இணையில்லை. பந்து ஸ்டம்ப்புக்கு வெளியே போனதா என்று பார்ப்பதுதான் குறைவு.

அதே தர்ணாவில்தான் நடுவரின் விரல் சீக்கிரம் உயரும் என்றார். நடுவர் என்றால் யார் என்று பாகிஸ்தானில் யாருக்கும் குழப்பமில்லை, ராணுவத்தைத்தான் சொல்கிறார் என்று எடுத்துக்கொண்டார்கள். கடவுளைச் சொன்னேன் என்று பின்னாளில் விளக்கம் கொடுத்தார். விரல் உயரவில்லை, நவாஸ் ஷெரீப் அரசும் விழவில்லை. டிசம்பரில் பெஷாவர் பள்ளிப் படுகொலைக்குப் பிறகு தர்ணா முடிவுக்கு வந்தது.

மிடில் ஓவர்கள்

2018 ஆகஸ்டில் பிரதமரானார். புதுப்பந்தில் மிரட்டும் வேகப்பந்து வீச்சாளர்கள் பலருக்கு 20-ஆவது ஓவருக்கு மேல் திட்டம் இருக்காது. இம்ரானின் பேச்சும் அப்படித்தான் ஆனது. வெளிநாட்டில் கடன் கேட்டு நிற்பதைவிடத் தற்கொலை மேல் என்று முன்பு சொல்லியிருந்தார். 2019 ஜூலையில் சர்வதேச நாணய நிதியத்தின் 600 கோடி டாலர் திட்டத்துக்கு ஒப்புதல் கிடைத்தது. பேச்சுமாறுவதைக் கேலி செய்தவர்களுக்கு, யூ-டர்ன் அடிக்கத் தெரியாதவன் தலைவனே இல்லை என்றார். அதற்கு உதாரணமாக, ரஷ்யப் படையெடுப்பில் பின்வாங்கத் தெரியாத ஹிட்லரையும் நெப்போலியனையும் இழுத்தார். பதறாதீர்கள் என்று தைரியம் சொல்ல அவர் பயன்படுத்திய வாசகம், விலைவாசி ஏற ஏற மக்கள் வாயில் கேலியானது.

2021 ஜூனில் அமெரிக்க ஊடகமான ஆக்சியாஸுக்குக் கொடுத்த பேட்டி ஒரு முழு ஸ்கோர்கார்டு. சி.ஐ.ஏ. பாகிஸ்தான் மண்ணிலிருந்து செயல்பட விடுவீர்களா என்ற கேள்விக்கு "அப்சலூட்லி நாட்" என்று இரண்டே சொல்லில் பதில் சொன்னார். அடுத்த ஆண்டு அவை கார் கண்ணாடியிலும் சட்டையிலும் ஏறின. அதே பேட்டியில்தான் பெண்களின் குறைந்த உடைக்கும் பாலியல் வன்முறைக்கும் முடிச்சுப் போட்டார், ஆண்கள் ஒன்றும் ரோபோக்கள் அல்ல என்றார். பெண்கள் அமைப்புகள் கொதித்தன. ஒரே உட்காரலில் ஒரு சிக்ஸர், ஒரு ஹிட்விக்கெட்.

நடுவர் பிரச்சினை

இனிதான் அலசலின் முக்கிய இடம். சொந்த ஊர் நடுவர்கள் என்ற அவப்பெயரிலிருந்து பாகிஸ்தான் கிரிக்கெட்டை வெளியே கொண்டுவர முயன்ற கேப்டன் இம்ரான்தான். 1986 நவம்பரில் லாகூர் டெஸ்ட்டில் வெஸ்ட் இண்டீஸுக்கு எதிராக பிலூ ரிப்போர்ட்டர், வி.கே. ராமசாமி என்ற இரண்டு இந்திய நடுவர்கள் நின்றார்கள். 1989-இல் இந்தியா வந்தபோது இங்கிலாந்து நடுவர்கள். ஐ.சி.சி. இரு நடுவர்களும் வெளிநாட்டவர் என்ற முறைக்கு வர 2002 ஆனது. காலத்துக்கு முந்திய யோசனை அது. தன் நாட்டுக்குக் கிடைக்கக்கூடிய சலுகையைத் தானே வேண்டாம் என்ற யோசனையும்கூட.

அரசியலில் அதே மனிதர் எதிர்த்திசையில் ஓடினார். அவர் ஆட்சியில் எதிர்க்கட்சித் தலைவர்கள் நவாஸ் ஷெரீபும் சர்தாரியும் சிறைக்குள் போய்வந்தார்கள். நடுவர் யார் பக்கம் என்ற கேள்வி அப்போது அவர் வாயில் வரவில்லை. 2022 மார்ச்சில் ராணுவம் நடுநிலை என்று ஒதுங்கியதும், மிருகங்கள்தான் நடுநிலையாக இருக்கும் என்று மேடையில் சீறினார். ஏப்ரல் 3 அன்று துணை சபாநாயகர் தீர்மானத்தைத் தள்ளுபடி செய்தார், பிரதமரின் பரிந்துரையில் அவை கலைக்கப்பட்டது. கடைசிப் பந்துவரை ஆடுவேன் என்றவர் ஸ்டம்ப்பைப் பிடுங்கிக்கொண்டு கிளம்பிய காட்சி அது. உச்ச நீதிமன்றம் ஸ்டம்ப்பைத் திரும்ப நடச் சொன்னது. ஏப்ரல் 10 நள்ளிரவு கடந்து 174 வாக்குகளில் ஆட்சி கவிழ்ந்தது. வாக்கெடுப்பின்போது அவர் அவையில் இல்லை.

ஆட்சி போனதும் பேச்சுக்குப் பழைய வேகம் திரும்பியது. பதவியில் இருக்கும்போதே ஆட்டிக்காட்டிய ஒரு கடிதத்தை வைத்து, தன்னைக் கவிழ்த்தது அமெரிக்கச் சதி என்றார். அமெரிக்கா மறுத்தது, கூட்டம் நம்பியது. 2022 ஜூலை பஞ்சாப் இடைத்தேர்தலில் 20-இல் 15 இடங்கள். அக்டோபரில் தானே 7 தொகுதிகளில் நின்று 6-இல் வென்றார். அந்தச் சூட்டின் மறுபக்கம் 2023 மே 9. அவர் கைதானதும் தொண்டர்கள் ராணுவ இடங்களைத் தாக்கினார்கள், பின்னாலேயே அடக்குமுறை வந்தது. ஆகஸ்டில் அவர் சிறைக்குப் போனார்.

2024 ஜனவரியில் கட்சியின் பேட் சின்னத்தையும் நீதிமன்றம் எடுத்துவிட்டது. வேட்பாளர்கள் ஆளுக்கொரு சின்னத்தில் சுயேச்சையாக நின்றார்கள், தலைவர் சிறையில் இருந்தார். பிப்ரவரி 8 தேர்தலில் வேறெந்தக் கட்சியைவிடவும் அதிக இடங்களை அந்தச் சுயேச்சைகளே வென்றார்கள்.

அவர் வாயை அடைத்தவர்கள் ஆட்டத்தைத் தவறாகப் படித்தார்கள். பலம் பேச்சில் மட்டும் இல்லை, அநியாயம் நடக்கிறது என்று மக்கள் கண்ணால் பார்ப்பதில் இருக்கிறது. அதை எதிரிகளே அவருக்கு வழங்கினார்கள். ஆனால் இம்ரான் மீதான விமர்சனம் அதனால் தள்ளுபடியாகாது. நடுநிலை நடுவர் வேண்டும் என்று மேடையில் முழங்கி அவர் கிரிக்கெட்டை மாற்றவில்லை. தான் ஜெயிக்கக்கூடிய சொந்த மண்ணிலேயே வெளி நடுவரை நிறுத்திக் காட்டினார். அரசியலில் அதைச் செய்ய அவருக்குக் கிட்டத்தட்ட நான்கு ஆண்டுகள் கிடைத்தன. அந்த ஆண்டுகளில் சொன்னவற்றில் அவருடைய ரசிகர்கள்கூடச் சட்டையில் அச்சடித்த வாசகம் ஒன்றுதான்: அது வெளிநாட்டுக்குச் சொன்ன மறுப்பு. சொந்த நாட்டு நடுவருக்குச் சொல்லியிருக்க வேண்டிய மறுப்பை, பதவி போன பிறகுதான் சொன்னார்.