யோகோச்சியின் ஏழாம் இடமும் சோஃபியாவில் கிடைத்த வெள்ளியும்

போர்ச்சுகல் நீச்சல் பற்றி எதைத் தேடினாலும் ஒரு வரி கண்ணில் படாமல் போகாது. ஒலிம்பிக் நீச்சல் இறுதிப்போட்டிக்கு வந்த முதல் போர்ச்சுகீசியர் அலெக்சாந்த்ரே யோகோச்சி, 1984 லாஸ் ஏஞ்சல்ஸ், 200 மீட்டர் பிரெஸ்ட் ஸ்ட்ரோக், ஏழாம் இடம். அப்புறம் ஒரு கமா போட்டு, "1985 ஐரோப்பிய சாம்பியன்ஷிப்பில் வெள்ளி" என்று சேர்த்துவிடுவார்கள். என் புகார் அந்தக் கமாவைப் பற்றித்தான். அந்த மனிதரின் நீச்சல் வாழ்க்கையை எடைபோட வேண்டுமென்றால் கமாவுக்குப் பின்னால் இருப்பதுதான் முதலில் வர வேண்டும்.

1984 ஒலிம்பிக்கை சோவியத் யூனியன், கிழக்கு ஜெர்மனி, ஹங்கேரி, பல்கேரியா என்று ஒரு பெரிய கூட்டமே புறக்கணித்தது. 1980 மாஸ்கோவில் இதே 200 மீட்டர் பிரெஸ்ட் ஸ்ட்ரோக்கில் தங்கம் வாங்கிய ராபர்தாஸ் ஜுல்பா (லித்துவேனியாக்காரர், அப்போது சோவியத் அணி) லாஸ் ஏஞ்சல்ஸ் வரவில்லை. "அட, பாதிப் பேர் வராத போட்டிதானே" என்று இதை வைத்து 1984ஐ மொத்தமாகத் தள்ளிவிடுகிறவர்கள் உண்டு. அது சரியில்லை. அன்றைக்கு வென்ற கனடாவின் விக்டர் டேவிஸ் 2:13.34 என்ற உலக சாதனையோடு வென்றார். இரண்டாவதாக வந்தவருக்கும் அவருக்கும் நடுவில் இரண்டு நொடிக்கு மேல் இடைவெளி. 1982 உலக சாம்பியன்ஷிப்பில் சோவியத் வீரர்களும் இருந்த குளத்திலேயே இதே தூரத்தை உலக சாதனையோடு வென்றவர் அவர். யார் வந்திருந்தாலும் அந்தத் தங்கம் பெரும்பாலும் அவருடையதுதான்.

புறக்கணிப்பு அடிப்பது மேலே இருக்கிறவரை அல்ல, ஆறு, ஏழு, எட்டு என்று விளிம்பில் இருப்பவர்களைத்தான். அப்போது அரையிறுதி கிடையாது. காலையில் தகுதிச் சுற்று, அதில் நேரப்படி முதல் எட்டுப் பேருக்கு மாலையில் இறுதி. வராத மூன்று பேர் வந்திருந்தால் ஏழாம் இடத்துக்காரர் மாலையில் நீந்தியிருப்பாரா என்பது நிஜமான கேள்வி. யோகோச்சிக்கு அப்போது 19 வயது. அவர் யாரையும் வராதே என்று சொல்லவில்லை. வந்தவர்களோடு நீந்தி எட்டுக்குள் நுழைந்தார், அவ்வளவுதான். ஆனாலும் அந்த ஏழாம் இடத்தின் தலையில் ஒரு நட்சத்திரக் குறி இருக்கத்தான் செய்கிறது. அதை மறைத்துவிட்டு "முதல் இறுதிப்போட்டியாளர்" என்று மட்டும் கொண்டாடுவது அவருக்குச் செய்யும் மரியாதை இல்லை.

அந்தக் குறியை அழித்தது அவரேதான். ஒரே வருடத்தில்.

1985 ஐரோப்பிய சாம்பியன்ஷிப் நடந்தது பல்கேரியத் தலைநகர் சோஃபியாவில். புறக்கணித்த நாடுகளின் சொந்த வீட்டு முற்றம் மாதிரி. லாஸ் ஏஞ்சல்ஸுக்கு வராத அத்தனை பேரும் வரக்கூடிய இடம். 200 மீட்டர் பிரெஸ்ட் ஸ்ட்ரோக்கில் தங்கம் சோவியத்தின் திமித்ரி வோல்கோவுக்கு, வெள்ளி யோகோச்சிக்கு. இந்த வோல்கோவ் பின்னால் 1988 சோல் ஒலிம்பிக்கில் 100 மீட்டரில் வெண்கலம் வாங்கியவர், ஏதோ ஒரு நாள் அதிர்ஷ்டத்தில் ஜெயித்துப் போனவர் இல்லை. அவருக்கு அடுத்து ஒரு போர்ச்சுகீசியர். உலகமே வந்திருந்தால் நீ எங்கே நின்றிருப்பாய் என்ற கேள்விக்கு இதைவிட நேரடியான பதில் ஒரு ஐரோப்பிய நீச்சல் வீரரிடம் எதிர்பார்க்க முடியாது. அப்புறம் போர்ச்சுகலுக்கு நீளக்குள ஐரோப்பியப் பதக்கம் கிடைக்க 2016 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 31 வருடம்!

அப்படியும் ஏன் ஏழாம் இடம்தான் நினைவில் நிற்கிறது? ஒலிம்பிக் என்ற சொல்லின் கனம் ஒரு காரணம். "முதல்" என்ற சொல்லுக்கு இருக்கும் மயக்கம் இன்னொன்று. ஆனால் அந்த ஏழாம் இடம் அன்றைக்கே போர்ச்சுகலில் பெரிதாகப் பேசப்பட வாய்ப்பு குறைவு. அதே லாஸ் ஏஞ்சல்ஸில்தான் கார்லோஸ் லோபேஸ் 37 வயதில் மாரத்தான் ஓடி, நாட்டின் முதல் ஒலிம்பிக் தங்கத்தை வாங்கினார். ரோசா மோத்தா பெண்கள் மாரத்தானில் வெண்கலம். ஓட்டக்காரர்களின் ஒலிம்பிக் அது. குளத்தில் ஏழாவதாக வந்த பையனை அந்தச் சத்தத்தில் யார் கவனிப்பார்கள்?

இன்னொரு கதையும் இவரைப் பற்றி எளிதாகச் சொல்லிவிடலாம். அப்பா ஷிந்தாரோ யோகோச்சி ஜப்பானியர். ஜப்பானுக்கும் இந்த நீச்சல் வகைக்கும் பழைய உறவு. 1928லும் 1932லும் 200 மீட்டர் தங்கம் யோஷியுகி சுருத்தாவுக்கு. 1956ல் மசாரு ஃபுருகாவா பெரும்பகுதி தண்ணீருக்கு அடியிலேயே போய் ஜெயித்து, கடைசியில் விதியையே மாற்ற வைத்தார். ஆக, ரத்தத்திலேயே ஓடுகிறது என்று எழுதிவிட ஆசை வரும். எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. அப்பா நீச்சல் பயிற்சியாளர், அந்த ஒரு தகவல் போதும். பிரெஸ்ட் ஸ்ட்ரோக் நான்கு வகைகளிலும் மெதுவானது. ஒவ்வொரு முறை காலை மடக்கும்போதும் தண்ணீர் உடம்பைப் பிடித்து நிறுத்தும். இழுப்பு, உதை, வழுக்கல் மூன்றும் இம்மி பிசகாமல் பொருந்த வேண்டும். இதற்குத் தேவை பரம்பரையைவிட, தினமும் குளக்கரையில் நின்று பார்க்கிற ஒரு ஜோடிக் கண்.

சோலில் அவர் இறுதி எட்டுக்குள் வரவில்லை. இதைச் சரிவு என்று படிப்பதுதான் வழக்கம். முடிவுப் பட்டியலைப் பாருங்கள். தங்கம் வாங்கிய ஹங்கேரியின் யோசெஃப் சாபோ எடுத்துக்கொண்ட நேரம் 2:13.52. டேவிஸின் 1984 நேரத்தைவிட மெதுவு! உச்சி உயரவில்லை, ஆனால் போன முறை வராத ஹங்கேரியர்களும் சோவியத்காரர்களும் இந்த முறை வந்து எட்டு இடங்களைப் பங்குபோட்டுக்கொண்டார்கள். நடுவில் விதியும் மாறியிருந்தது. முன்பு நீந்தும்போது தலையின் ஒரு பகுதி எப்போதும் நீர்மட்டத்துக்கு மேலே தெரிந்தாக வேண்டும். 1980களின் பிற்பாதியில் ஒவ்வொரு வீச்சிலும் தலையை முழுக்கலாம் என்று ஆனது. அதிலிருந்து அலை மாதிரி எழுந்து விழும் புதிய பாணி வளர்ந்தது. சோலில் நான்காவதாக வந்த அமெரிக்கர் மைக் பாரோமன் அதே பாணியில் 1992 பார்சிலோனாவில் 2:10.16க்கு நீந்தித் தங்கம் எடுத்தார். அந்த பார்சிலோனாவிலும் யோகோச்சி இருந்தார், தன் மூன்றாவது ஒலிம்பிக்கில். பழைய விதியில் உருவான ஒருவர் புதிய விதியில் இத்தனை வருடம் தாக்குப்பிடித்ததைச் சரிவு என்று எப்படிச் சொல்வது?

இப்போது போர்ச்சுகலில் பேச்செல்லாம் தியோகோ ரிபெய்ரோ பற்றி. பட்டர்ஃபிளைக்காரர். 2023 ஃபுகுவோகா உலகப் போட்டியில் 50 மீட்டரில் வெள்ளி, 2024 தோஹாவில் 50, 100 இரண்டிலும் தங்கம். பதக்க எண்ணிக்கையில் யோகோச்சி கிட்டேயே வர முடியாது. ஆனால் தோஹா ஒலிம்பிக் ஆண்டின் பிப்ரவரியில் நடந்தது, பெரிய பெயர்கள் பலர் வரவில்லை. அதே ஆண்டு பாரிஸில் ரிபெய்ரோ இறுதிக்குள் நுழையவில்லை. அவரையும் தோஹாவை மட்டும் வைத்துக் கொண்டாடாமல், பாரிஸை மட்டும் வைத்துக் கழித்துவிடாமல், ஃபுகுவோகாவில் இருந்து படிக்கத் தொடங்கலாம். கூட்டம் நிறைந்த குளத்தில் வாங்கிய வெள்ளி அது.