பூங்காவுக்கு அடியில் கோட்டை

அயர்லாந்துக் கோட்டைகளை டிவியில் வாய் பிளந்து பார்ப்பவரா நீங்கள்? டோல்கேட்டில் பஸ் ஏறி ராயபுரம் போய், மாடிப் பூங்கா எங்கே என்று விசாரியுங்கள். படியேறினால் நீங்கள் நிற்பது பழைய மெட்ராஸின் மதில் மேல்!

1758-ல் பிரெஞ்சுத் தளபதி லாலி கறுப்பர் நகரத்துக்குள் சுலபமாகப் புகுந்துவிட்டார். 1769-ல் ஹைதர் அலி பட்டணத்து வாசலுக்கே வந்து உடன்படிக்கை வாங்கிப் போனார். கிலி பிடித்த கம்பெனி, பால் பென்ஃபீல்டுக்கு காண்ட்ராக்ட் கொடுத்துக் கட்டிய மதில் இது. செலவை ஊர்க்காரர்கள் தலையில் கட்டப் பார்த்தார்கள், வரி வசூலாகவில்லை. வால்டாக்ஸ் ரோடு என்ற பெயர்தான் மிச்சம்.

அழகா? கிடையாது. தடிமன் ஒன்றுதான் அலங்காரம். கட்டி முடித்தபின் எந்தப் படையும் வந்து முட்டவுமில்லை. பெரும்பகுதி பின்னாளில் இடிபட்டுத் தீர்ந்தது. மேலே பூச்செடி வைத்தது தொல்லியல்காரர்களுக்கு உறுத்தலாம். எனக்கென்னவோ அந்தச் செடிகள்தான் இந்தத் துண்டைக் காப்பாற்றின என்று படுகிறது. பூங்காவோடு திரும்பிவிடாதீர்கள். தெருவில் இறங்கி, நின்று, அண்ணாந்து பாருங்கள்.