சீர் வரும் தெரு

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டிவியில் ‘கிழக்குச் சீமையிலே’ ஓடினால், சின்னமனூர்ப் பக்கம் எங்கள் வீட்டில் யாரும் ரிமோட்டைத் தொடுவதில்லை. 1993இல் வந்த படம். அல்லிநகரத்துப் பாரதிராஜா இயக்கியது. கதை, வசனம் ரத்னகுமார். எங்களுக்கு ஆண்டிபட்டிக் கணவாயைத் தாண்டினால் கிழக்கு. இந்தப் பக்கம் முல்லைப் பெரியாற்றுத் தண்ணீரில் நெல்லும் திராட்சையும். அந்தப் பக்கம் மானாவாரியும் கரடும். ஆனால் சொந்தத்துக்குள் பகை முளைக்கிற விதம் கணவாய்க்கு ரெண்டு பக்கமும் ஒன்றுதான்.

அண்ணன் மாயாண்டி விஜயகுமார், தங்கச்சி விருமாயி ராதிகா, அவள் புருஷன் சிவனாண்டி நெப்போலியன். பிறந்த வீட்டுக்கும் புகுந்த வீட்டுக்கும் ஆகாமல் போகிறது. கதை இவ்வளவுதான்.

நான் காத்திருப்பது தாய்மாமன் சீர்ப் பாட்டுக்கு. ரஹ்மான் இசை, வரிகள் எங்கள் வடுகபட்டி வைரமுத்து. சீர் என்பது கையில் பொத்திக் கொடுக்கிற பொருளா? மேளத்தோடு, தெருவே பார்க்க வருவது. எத்தனை தட்டு என்று திண்ணையில் இருப்பவர்கள் எண்ணிக்கொண்டே இருப்பார்கள். பாசத்தை ஊர்ச் சாட்சியாகக் காட்டிவிட்ட வீட்டில், பிறகு ஒரு முறை தவறினாலும் அதற்கும் ஊரே சாட்சி. பின்னால் வரப்போகும் பகை எத்தனை ஆழம் என்பதைப் பாரதிராஜா இந்தச் சந்தோஷத்திலேயே அளந்து வைத்துவிடுகிறார். அருவாள் தூக்கும் காட்சிகளைவிட எனக்கு இந்தத் தெருதான் பெரிது.

அப்புறம் ராதிகாவின் ‘அண்ணே’. அந்த ஒரு சொல்லில் உரிமையும் இருக்கும், புருஷன் காதில் விழுந்துவிடுமோ என்ற பதைப்பும் இருக்கும்.

2008இல் கலைஞர் தொலைக்காட்சிக்குப் பாரதிராஜா எடுத்த ‘தெக்கத்திப் பொண்ணு’ தொடரிலும் இதே கிராமத்து மனுசர்கள்தான். பழைய மனத்தாங்கல்களை நாள்தோறும் கொஞ்சமாகக் கிளறுவதற்குத் தொடர் தோதான வடிவம். இருந்தாலும் என் மனசு அந்தச் சீர்ப் பாட்டுக்கே திரும்பிவிடுகிறது.

எங்கள் அப்பத்தா பாட்டு முடிகிறவரை கண்ணெடுக்காமல் பார்க்கும். முடிந்ததும், “இம்புட்டுப் போதும்ப்பா” என்று முந்தானையை உதறிக்கொண்டு மாட்டுக்குத் தண்ணி காட்டப் போய்விடும். அதுக்கும் கூடலூரில் ஒரு அண்ணன் இருந்தார். நல்லது கெட்டதுக்குப் போக்குவரத்து நின்று முப்பது வருசம்.